பூமியைப் பிடிக்க வந்தவர்கள் ஏன் பாத்திரம் கழுவுகிறார்கள்?

கேள்வி இதுதான்: "என் மகளுக்குப் பத்து வயது. பூமியைப் பிடிக்க வரும் வேற்றுக்கிரகவாசிகள் பற்றிய ஜப்பானியக் குட்டி அனிமேக்களை விடாமல் பார்க்கிறாள். ஒவ்வொரு முறையும் திட்டம் போடுகிறார்கள், ஒவ்வொரு முறையும் சொதப்புகிறார்கள். ஒரே தோல்வியைத் திரும்பத் திரும்பப் பார்ப்பதில் என்ன இருக்கிறது? இதற்கு ஏதாவது மரபு உண்டா, இல்லை வெறும் கோமாளித்தனமா?"

மரபு இருக்கிறது, அதுவும் நல்ல ஆழமான மரபு. எனக்கு ரொம்பப் பிடித்த விஷயம் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

இந்தக் கதைகளில் வரும் வேற்றுக்கிரகவாசிகளை முட்டாள்கள் என்று எடுத்துக்கொண்டால் பாதி சுவை போய்விடும். கோள் விட்டுக் கோள் வந்தவர்கள், ஊரையே பொடியாக்கும் கருவி வைத்திருப்பவர்கள். ராணுவம் வந்து அவர்களைத் தோற்கடிப்பது அரிது. அவர்களைத் தோற்கடிப்பது ஒரு வீடு. இன்றைக்கு யார் பாத்திரம் கழுவுவது, யார் குப்பையைக் கொண்டுபோய்ப் போடுவது, ராத்திரிச் சாப்பாட்டுக்கு எத்தனை பேர் என்கிற அந்த அன்றாட ஏற்பாடு. படையெடுத்து வந்தவன் அதற்குள் ஒரு தடவை பெயர் கொடுத்துவிட்டால் அப்புறம் அவனால் வெளியே வர முடிவதில்லை.

உங்கள் மகள் பார்ப்பது 'கெரோரோ குன்சோ'வாக இருக்கும் என்று நினைக்கிறேன். இந்த வகைக்கு அதைவிட நல்ல உதாரணம் இல்லை, அதனால் அதிலிருந்தே தொடங்குகிறேன். மினே யோஷிசாகி 1999இல் 'ஷோனென் ஏஸ்' மாத இதழில் வரையத் தொடங்கிய மங்கா, அதாவது ஜப்பானியச் சித்திரக்கதை, அது. சன்ரைஸ் நிறுவனம் அதை அனிமே ஆக்கியது. 2004 ஏப்ரலில் டிவி டோக்கியோவில் தொடங்கி 2011 ஏப்ரலில் முடிந்தது. மொத்தம் 358 எபிசோடுகள். பல வாரங்களில் அரைமணி நேரத்தை இரண்டாகப் பிளந்து, பத்துப் பன்னிரண்டு நிமிடத்தில் முடியும் இரண்டு தனிக்கதைகளாகக் கொடுத்தார்கள்.

தவளை கத்துவது ஜப்பானியர் காதில் 'கெரோ கெரோ' என்று விழும். அதிலிருந்து வந்த பெயர்தான் கெரோரோ. அவன் வந்த இடம் 'காமா நெபுலாவின் 58ஆவது கோள்'. இயற்பியலில் வரும் காமா போலக் கேட்கும், ஆனால் ஜப்பானிய மொழியில் 'காமா' என்றால் தேரை. முழங்கால் உயரத்துக்குச் சற்று மேல் வரும் பச்சைத் தவளை, தலையில் மஞ்சள் தொப்பி, பதவி 'குன்சோ', அதாவது சார்ஜென்ட். முன்னணிப் படையாக பூமிக்கு வந்தவன், முதல் கதையிலேயே ஹினாதா வீட்டுப் பிள்ளைகளான நட்சுமி, ஃபுயுகி இருவரிடமும் மாட்டிக்கொள்கிறான். அவனுடைய சகலவல்லமைக் கருவியான கெரோ பந்தை ஃபுயுகி பிடுங்கிவைத்துக்கொள்கிறான். மனிதர்களுக்கு விஷயம் தெரிந்துவிட்டது என்றதும் தாய்க்கப்பல் அவனை அப்படியே விட்டுவிட்டுப் பின்வாங்கிவிடுகிறது. வீட்டுத் தாயார் அகி ஒரு மங்கா இதழில் ஆசிரியர். தவளையைப் பார்த்து அவர் பயப்படுவதில்லை, நல்ல கதைப்பொருள் கிடைத்தது என்றுதான் கண் விரிகிறது. கெரோரோவுக்கு வீட்டில் இடம் கிடைக்கிறது. கூடவே துடைப்பமும் கிடைக்கிறது.

ஒரு வழக்கமான கதை எப்படிப் போகும் என்று கிட்டே வைத்துப் பார்ப்போம். காலையில் கெரோரோ துணி காயப்போடுகிறான். கூடத்தைப் பெருக்கிக்கொண்டே டிவியில் ஏதோ ஒரு விளம்பரத்தைப் பார்க்கிறான், உடனே யோசனை வருகிறது. வீட்டுக்கு அடியில் தோண்டிய ரகசியத் தளத்தில் படைக் கூட்டம். சிவப்புத் தவளை கிரோரோ எழுந்து, படையெடுப்புக்கு ஒதுக்கிய பணம் எங்கே என்று கத்துகிறான். அந்தப் பணம் எல்லாம் கன்டாம் என்ற போர் ரோபோ அனிமேயின் பிளாஸ்டிக் மாடல் பெட்டிகளாகி அலமாரியில் அடுக்கியிருக்கிறது. மூக்குக்கண்ணாடி போட்ட மஞ்சள் குருரு 'குக் குக் குக்' என்று சிரித்தபடி ஒரு கருவியை நீட்டுகிறான். கருவி வேலை செய்கிறது, தேவைக்கு மேலேயே வேலை செய்கிறது. அரை மணிக்குள் அதுவே இவர்கள் தலையில் விடிகிறது. நட்சுமி வந்து ஒரு அடி போடுகிறாள். கடைசிக் காட்சியில் கெரோரோ குளியலறையைத் தேய்த்துக்கொண்டிருக்கிறான்.

நான் பல தடவை திரும்பப் போட்டுப் பார்ப்பது அவன் அந்தப் பிளாஸ்டிக் மாடல் செய்யும் இடங்களைத்தான். மூச்சை அடக்கிக்கொண்டு ஒரு துண்டைச் சட்டத்திலிருந்து நறுக்குவான், உரசுவான், கண்ணுக்கு நேரே தூக்கிப் பார்ப்பான். பூமியை வெல்ல வந்தவனுக்கு அவ்வளவு பொறுமை அதில் மட்டும்தான் வருகிறது. கன்டாமைத் தயாரித்ததும் இதே சன்ரைஸ்தான் என்பதால், மாடல்களின் உண்மைப் பெயர்களும் உருவங்களும் தயக்கமில்லாமல் திரையில் வருகின்றன. இதை விளம்பரம் என்று சொல்பவர்கள் உண்டு. இருக்கலாம். ஆனால் 1979இல் வந்த கன்டாம் போரின் துயரத்தைச் சொன்ன தொடர். அந்தப் போர் இயந்திரத்தின் பொம்மையை ஒரு படையெடுப்பாளன் உள்ளங்கையில் வைத்துக் கொஞ்சுகிறான் என்பது சும்மா அமைந்த காட்சி அல்ல என்பது என் கருத்து.

மற்ற நாலு பேரையும் பாருங்கள். கிரோரோ உண்மையான போர்வீரன். வீட்டுத் தோட்டத்தில் கூடாரம் அடித்துத் துப்பாக்கி துடைத்துக்கொண்டிருப்பான், ஆனால் நட்சுமியின்மேல் அவனுக்குக் காதல். எதிரியைக் காதலிப்பவன் எங்கே சுடுவது? தமாமா ஒரு பணக்காரப் பெண்ணின் மாளிகையில் தின்பண்டத்தோடு குடியிருக்கிறான். தொரோரோ பூமியின் மரஞ்செடிகளை நேசிக்கத் தொடங்கிவிட்டான், அவனைக் கூட்டத்துக்குக் கூப்பிடவே மற்றவர்கள் மறந்துவிடுவார்கள். குருரு பதவியில் கெரோரோவைவிட மேல், ஆனாலும் அவனுக்குத் தலைமை வேண்டாம், கருவி செய்ய இடம் போதும். ஐந்து பேரையும் பூமி ஐந்து விதமாகப் பிடித்து வைத்திருக்கிறது. பிடிக்க வந்தது யார், பிடிபட்டது யார் என்று கேட்டால் உங்கள் மகளே சரியாகச் சொல்லிவிடுவாள்.

இப்போது மரபு பற்றி. வேறொருவர் வீட்டில் ஒட்டிக்கொண்டு, அவர்கள் சோற்றைச் சாப்பிட்டுக்கொண்டு இருப்பவரை ஜப்பானிய மொழியில் 'இசோரோ' என்பார்கள். நம்முடைய 'தண்டச்சோறு' அளவுக்கு அது கடுமையான சொல் அல்ல, 'விருந்தாளி' அளவுக்கு மரியாதையும் அதில் கிடையாது. இந்த இசோரோவைப் பற்றிப் பழைய மூன்று வரி வேடிக்கைக் கவிதை ஒன்று உண்டு. ஜப்பானில் பலருக்கும் அது மனப்பாடம். இசோரோ தன் மூன்றாவது கிண்ணத்தைச் சத்தமில்லாமல் நீட்டுகிறான் என்பதுதான் அதன் சாரம். முதல் கிண்ணச் சோறு உரிமை மாதிரி, இரண்டாவது பரவாயில்லை, மூன்றாவதுக்குக் கை கூசுகிறது. அந்தக் கூச்சத்தையும் பசியையும் அப்படியே எடுத்து ஒரு வேற்றுக்கிரகவாசிக்குக் கொடுத்துவிட்டால் இந்த வகை அனிமே பிறந்துவிடும்.

குழந்தைகள் கார்ட்டூனில் இந்த இசோரோவைக் குடியேற்றியவர்கள் ஃபுஜிகோ ஃபுஜியோ என்ற பெயரில் சேர்ந்து வரைந்த இருவர். 1964இல் அவர்கள் தொடங்கிய மங்காவில் ஒரு பேய் சாதாரண வீட்டில் குடியிருந்து கிண்ணம் கிண்ணமாகச் சாப்பிட்டது. அப்புறம் டோரேமான் வந்தது. டோரேமான் உதவி செய்ய வந்த ரோபோ, படையெடுப்பாளன் அல்ல. ஆனால் சராசரி வீடு, கண்டிப்பான அம்மா, அலமாரிக்குள் தூங்கும் வெளியாள், கைமீறிப் போகும் கருவி என்று அச்சு முழுவதும் அங்கேயே தயாராகிவிட்டது. கெரோரோவில் அந்தக் கருவியை நீட்டும் கையின் நோக்கம் மட்டும் மாறியிருக்கிறது.

நீங்கள் 'குட்டி அனிமே' என்று சொன்னீர்களே, அதுவும் இங்கிருந்து வருவதுதான். டோரேமான் 1979 ஏப்ரலில் டிவி அசாஹியில் தொடங்கியபோது திங்கள் முதல் சனி வரை தினமும் பத்து நிமிடம் என்றுதான் ஓடியது. 1969இலிருந்து இன்றுவரை ஓடும் 'சசாயே-சான்' அரைமணிக்குள் மூன்று கதை சொல்கிறது. ஷின்-சானிலும் இதே வழக்கம்தான். ஏழெட்டு நிமிடத்தில் ஒரு கதை முடிய வேண்டுமென்றால் அதில் பூமி உண்மையிலேயே பிடிபட முடியாது, படையெடுப்பாளன் உண்மையிலேயே ஒழியவும் முடியாது. அடுத்த கதை தொடங்கும்போது எல்லாம் பழையபடி இருந்தாக வேண்டும். நீளமான கதையில் தோல்விக்கு ஒரு விளைவு இருக்கும், ஒருவர் சாவார் அல்லது திருந்துவார். குட்டிக் கதையில் தோல்வியின் விளைவு அடுத்த வேளைச் சாப்பாடுதான். அதனால் சிரிப்பின் எடை முழுவதும் 'எப்படித் தோற்றான்' என்பதில் போய் உட்காருகிறது. ஒரே ராகத்தைப் பத்துப் பேர் பாடிக் கேட்பவருக்கு ராகம் தெரிந்ததுதானே என்ற அலுப்பு வருவதில்லை. உங்கள் மகளும் அந்த வித்தியாசங்களைத்தான் ரசித்துக்கொண்டிருக்கிறாள்.

வேற்றுக்கிரகவாசியை முதன்முதலில் இப்படி வீட்டுத் தரையில் உட்காரவைத்த காட்சி என்று நான் நினைப்பது ஒரு அனிமேயில் இல்லை. 1967இல் வந்த 'அல்ட்ரா செவன்' என்ற நடிகர்கள் நடித்த தொடரின் எட்டாவது எபிசோடில் இருக்கிறது. அகியோ ஜிஸ்ஸோஜி இயக்கியது. மெட்ரோன் என்ற வேற்றுக்கிரகவாசி மனிதர்களை வெறிபிடிக்கவைக்கும் ஒரு பொருளை சிகரெட்டுக்குள் கலந்து, ரயில் நிலையத்து விற்பனை இயந்திரம் வழியாகப் பரப்புகிறான். நாயகன் தேடிக்கொண்டு போனால் அவன் பதுங்கியிருப்பது தொழிற்சாலைப் பகுதியின் ஒரு பழைய குடியிருப்பு அறை. பாய் விரித்த தரை, நடுவில் குட்டையான வட்டச் சாப்பாட்டு மேசை. மீன் போன்ற பெரிய தலையோடு அந்த மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து, வந்தவனையும் உட்காரச் சொல்கிறான். இரண்டு பேரும் பக்கத்துவீட்டுக்காரர்கள் மாதிரி எதிரெதிரே உட்கார்ந்து பூமியின் தலைவிதியைப் பேசுகிறார்கள். அதில் நகைச்சுவை நோக்கம் கிடையாது, கொஞ்சம் திகிலாகவே இருக்கும். ஆனால் ஜப்பானில் பல தலைமுறை இயக்குநர்களுக்கும் ஓவியர்களுக்கும் அந்த மேசை மனதில் பதிந்துவிட்டது. தேடிப் பாருங்கள், பழைய படம் என்றாலும் ஒளியமைப்பு இன்றைக்கும் அசத்தும்.

அந்தத் தொடரின் நாயகன் பெயரும் அல்ட்ரா செவன்தான், மனித உருவில் இருக்கும்போது அவன் குடும்பப் பெயர் மொரோபோஷி. பதினோரு ஆண்டு கழித்து, 1978இல், ருமிகோ தகஹாஷி 'உருசேய் யட்சுரா' மங்காவைத் தொடங்கியபோது அதன் நாயகன் அதாருவுக்கும் அதே மொரோபோஷிதான். பூமியைப் பிடிக்க வரும் கூட்டத்துக்கு தகஹாஷி வைத்த உருவம் 'ஓனி', அதாவது ஜப்பானிய நாட்டுப்புறக் கதைகளின் கொம்பு முளைத்த பூதம். நம் பிள்ளைகள் விளையாடும் ஓடிப்பிடித்து விளையாட்டுக்கு ஜப்பானில் 'ஓனி விளையாட்டு' என்று பெயர், துரத்துகிறவன்தான் ஓனி. இந்த ஒரு சொல்லை வைத்து அவர் முழு உலகப்போரையே விளையாட்டாக்கிவிட்டார். ஓனிக் கூட்டம் சொல்கிறது: பத்து நாளுக்குள் எங்கள் பெண் லம்மை ஓடிப் பிடித்துவிட்டால் பூமியை விட்டுவிடுகிறோம். அதாரு கடைசி நாளில் பிடித்துவிடுகிறான், 'இனிக் கல்யாணம் பண்ணிக்கொள்ளலாம்' என்று தன் காதலியை நினைத்துக் கத்துகிறான். தன்னைத்தான் கேட்கிறான் என்று நினைத்து லம் சம்மதம் சொல்லிவிடுகிறாள். படையெடுப்பு நின்றுபோய் லம் அவன் வீட்டிலேயே தங்கிவிடுகிறாள். 1981 அக்டோபரில் ஃபுஜி டிவியில் அனிமே தொடங்கியபோது, ஆரம்ப எபிசோடுகளில் அரைமணிக்கு இரண்டு குட்டிக் கதைகள்தான் இருந்தன. மமோரு ஓஷீ அப்போது அதன் தலைமை இயக்குநர், பின்னால் மிகக் கனமான படங்களை எடுத்தவர்.

அகிரா தொரியாமாவின் 'டாக்டர் ஸ்லம்ப்'பில் வரும் நிகோசான் மன்னரையும் ஒரு வரியில் சொல்லிவிடுகிறேன். பிட்டம் போன்ற தலையோடு பூமிக்கு வந்து, ஊர் திரும்ப வழியில்லாமல் ஒரே ஒரு வேலைக்காரனோடு நாட்டுப்புற ஊரில் அலையும் ராஜா அவர். அந்த வேலைக்காரன் அவரை விட்டுப் போகாததே எனக்கு எப்போதும் மனதைத் தொடும்.

ஜப்பானில் இந்த வகையில் எல்லாரையும்விட அதிகம் தோற்றவன் பைகின்மன் என்பது என் கணக்கு. தகாஷி யனாசே உருவாக்கிய 'அன்பன்மன்' 1988 அக்டோபரிலிருந்து இன்றுவரை ஓடுகிறது, ஒரு எபிசோடுக்குப் பெரும்பாலும் இரண்டு கதை. நாயகனின் தலை இனிப்புப் பயறு வைத்த பன். பசித்தவனுக்குத் தன் தலையைப் பிய்த்துக் கொடுப்பவன். யனாசே போரில் சீனாவுக்கு அனுப்பப்பட்டவர், அங்கே பசியை அறிந்தவர், தம்பியைப் போரில் இழந்தவர். பசித்தவனுக்குச் சோறு போடுவது எந்தப் பக்கத்திலிருந்து பார்த்தாலும் மாறாத நியாயம் என்று கடைசிவரை சொன்னவர். எதிராளி பைகின்மன் கிருமிகளின் கோளிலிருந்து வந்தவன், அன்பன்மனைத் தோற்கடிப்பதற்கென்றே பூமிக்கு வந்தவன். வாராவாரம் ஒரே குத்தில் 'பை-பைகீன்' என்று வானத்தில் மறைவான், அடுத்த வாரம் வந்துவிடுவான். எனக்கு இதில் ஒரு விஷயம் ரொம்பப் பிடிக்கும். பன் உப்புவதே ஈஸ்ட் என்ற நுண்ணுயிரால்தான். கிருமியை அடியோடு ஒழித்துவிட்டால் பன்னே கிடையாது. அதனால்தானோ என்னவோ அந்த உலகத்தில் யாரும் அவனை ஒழித்துக்கட்ட நினைப்பதில்லை.

சரி, மறுபடி கெரோரோவுக்கு வருகிறேன், முக்கியமான ஒன்று பாக்கி இருக்கிறது. கெரோரோ ஒவ்வொரு வாக்கியத்தையும் 'தே அரிமாசு' என்று முடிப்பான். நான் மாலை வகுப்பில் ஜப்பானிய மொழி படித்த காலத்தில் ஒரு நாள் இந்த முடிவைப் பற்றிக் கேட்டேன். அறுபது வயதைத் தாண்டிய எங்கள் ஆசிரியை ஒரு நிமிடம் பேசவில்லை. அப்புறம், இது பழைய ராணுவப் பேச்சு, என் அப்பா காலத்துச் சிப்பாய்கள் மேலதிகாரி முன்னால் விறைத்து நின்று இப்படித்தான் பேசுவார்கள் என்றார். பலகையில் 'குன்சோ' என்று எழுதி, இதுவும் அந்த ராணுவத்துப் பதவிப் பெயர்தான் என்றார். அன்றைக்குப் பிறகு கெரோரோவின் தொப்பியை வேறு கண்ணோடு பார்க்கத் தொடங்கினேன். பக்கவாட்டில் துணி தொங்கும் அந்தத் தொப்பி, வெப்ப நாடுகளுக்குப் போன ஜப்பானியச் சிப்பாயின் தொப்பியை அப்படியே நினைவுபடுத்துகிறது.

அப்படிப் பார்த்தால் கதையின் முதல் முடிச்சே வேறு மாதிரித் தெரிகிறது. படை பின்வாங்கிவிட்டது, ஒரு சிறு பிரிவு மட்டும் அந்நிய மண்ணில் விடப்பட்டது, உத்தரவு இன்னும் செல்லும் என்று நம்பிக்கொண்டிருக்கிறது. ஜப்பானில் இது கற்பனைக் கதை கிடையாது. போர் முடிந்து 27 ஆண்டுகளுக்கு அப்புறம், 1972இல், குவாம் தீவுக் காட்டில் ஷோய்ச்சி யோகோய் கண்டுபிடிக்கப்பட்டார். அவரும் ராணுவ சார்ஜென்ட். 1974இல் பிலிப்பைன்ஸின் லுபாங் தீவிலிருந்து ஹிரோ ஒனோடா வெளியே வந்தார், பழைய மேலதிகாரியே நேரில் போய் உத்தரவை ரத்து செய்த பிறகுதான். அந்த மனிதர்கள் காட்டில் தனியாக இருந்தார்கள். ஒனோடாவின் குழுவால் தீவுவாசிகளுக்கும் உயிர்ச்சேதம் நேர்ந்தது. கெரோரோவுக்குக் கிடைத்தது ஒரு வீடு, ஒரு வேலைப் பட்டியல், 'நீ எனக்கு நண்பன்' என்று சொல்லும் ஃபுயுகி. படைப்பாளிகள் இதை இப்படித் திட்டமிட்டார்கள் என்று நான் சாதிக்கவில்லை. ஆனால் விட்டுவிட்டுப் போன சிப்பாய்க்கு நடந்திருக்கக்கூடிய மிக நல்ல முடிவு என்று கேட்டால், எனக்கு அந்தத் தவளை சமையல் ஏப்ரன் கட்டிக்கொண்டு துணி மடிப்பதுதான் கண்முன் வருகிறது.

'ஷின்ரியாகு' என்ற சொல்லும் அப்படித்தான். படையெடுப்பு, ஆக்கிரமிப்பு என்று பொருள். சீனாவுக்குள் ஜப்பான் போனதைப் பள்ளிப் பாடநூல்களில் இந்தச் சொல்லால் குறிப்பதா, 'முன்னேறிச் சென்றது' என்று எழுதுவதா என்பது 1982இல் சீனாவோடும் தென் கொரியாவோடும் பெரிய அரசியல் சிக்கலாகவே வெடித்தது. அவ்வளவு கனமான சொல்லை ஒரு பொம்மைத் தவளை வாராவாரம் கூவுகிறது. ஒவ்வொரு முறையும் அந்தச் சொல்லோடு வருகிற ஆசை சிரிப்புக்கிடமாகிறது. பூமியை அடிமைப்படுத்துவேன் என்று சொல்பவன் பிள்ளைகள் கண்ணுக்குப் பெரிய ஆளாகத் தெரிவதே இல்லை. இதை யாரும் பாடமாக எடுக்கவில்லை, ஆனால் ஏழு வருடம் நடந்திருக்கிறது.

அதே சொல்லைத் தலைப்பிலேயே வைத்த இன்னொரு தொடர் 'ஷின்ரியாகு! இகா முசுமே'. மசஹிரோ அன்பே 2007இல் தொடங்கிய மங்கா, 2010 அக்டோபரில் அனிமே ஆனது. 'இகா' என்றால் கணவாய். கடலில் குப்பை கொட்டும் மனிதர்களைத் தண்டிக்க வரும் கணவாய்ப் பெண், கடற்கரையில் கோடைகாலத்துக்கு மட்டும் போடும் ஒரு சாப்பாட்டுக் கடைக்குள் நுழைகிறாள். வந்த வேகத்தில் சுவரில் ஓட்டை போட்டுவிடுகிறாள். அந்தச் செலவைக் கழிக்க அங்கேயே பரிமாறும் வேலை. அவள் கடலிலிருந்து வந்தவள், விண்வெளி அல்ல. ஆனால் அவள் வேற்றுக்கிரகவாசியேதான் என்று அடம்பிடிக்கும் அமெரிக்க ஆராய்ச்சியாளர்கள் சிலர் அடிக்கடி வந்து அவளைத் துரத்துகிறார்கள். அதனால் இந்தப் பட்டியலில் அவளைச் சேர்ப்பதில் எனக்குத் தயக்கம் இல்லை. எபிசோடுக்கு மூன்று கதை, ஒவ்வொன்றும் ஏழெட்டு நிமிடம். அவளும் பேச்சை 'கெசோ' என்று முடிப்பாள், சமையற்கட்டு மொழியில் அது கணவாயின் கால். 'இல்லையா' என்று கேட்கும் ஜப்பானியச் சொல்லின் வாலில் 'இகா' ஒளிந்திருப்பதால் எல்லாக் கதைத் தலைப்புகளும் 'இல்லையா?' என்றே முடியும். இந்த ஒலி விளையாட்டு எந்த மொழிபெயர்ப்பிலும் முழுசாக வராது. அதனால் மகளை ஜப்பானிய ஒலியோடு சப்டைட்டில் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். லம்மின் 'தச்சா', கெரோரோவின் 'அரிமாசு', இவளுடைய 'கெசோ' மூன்றையும் காதால் கேட்க வேண்டும். வந்தவர் வெளியூர்க்காரர் என்பதை ஜப்பானிய எழுத்தாளர்கள் முதலில் காட்டுவது வாக்கியத்தின் வாலில்தான்.

குரல் என்றதும் இன்னொன்று. கெரோரோவில் பின்னணியில் கனத்த குரலில் கதை சொல்பவர் கெய்ஜி ஃபுஜிவாரா. ஷின்-சானின் அப்பா ஹிரோஷிக்கு நெடுங்காலம் குரல் கொடுத்தவரும் அவரே. 2020இல் காலமானார். தவளைகளின் அற்பத் தோல்வியைக்கூட அவர் உலகப்போர் வரலாறு போல விவரிப்பார். அந்தக் குரல் இல்லாவிட்டால் பாதிச் சிரிப்பு இல்லை.

அண்மைக் காலத்தில் இந்த வடிவம் இன்னும் சுருங்கியது. கெரோரோவே 2014இல் அனிமாக்ஸ் தொலைக்காட்சியில் சில நிமிடங்களே ஓடும் ஃப்ளாஷ் அனிமேயாகத் திரும்பி வந்தது. அதற்கு முன்பே, 2006இல், ஃப்ராக்மேன் என்ற பெயரில் இயங்கும் ஒருவர் எழுத்து, இயக்கம், அசைவு, பெரும்பாலான குரல்கள் எல்லாவற்றையும் தாமே செய்து 'தகா நோ ட்சுமே' என்ற தொடரைத் தந்திருந்தார். அதில் உலகத்தைப் பிடிக்க நினைப்பவர்கள் காசில்லாத ஒரு ரகசியக் கூட்டம். அதன் திரைப்படத்தில் பட்ஜெட் எவ்வளவு மீதி இருக்கிறது என்று காட்டும் அளவுகோல் திரை ஓரத்தில் ஓடிக்கொண்டே இருக்கும், செலவான காட்சி வந்தால் அது இறங்கும். 2016இல் ஹிரோயுகி இமாய்ஷி இயக்கிய 'ஸ்பேஸ் பேட்ரோல் லுலுகோ' ஏழெட்டு நிமிடமாக 13 பகுதிகள். வேற்றுக்கிரகவாசிகள் குடியேற அனுமதி உள்ள பகுதியாக அதில் வரும் ஒகிகுபோ டோக்கியோவில் உண்மையாகவே இருக்கும் இடம், அதைத் தயாரித்த டிரிகர் நிறுவனம் இயங்கியதும் அங்கேதான்.

உங்கள் மகளுக்கு எதைக் காட்டலாம் என்றால், கெரோரோவின் முதல் எபிசோடையும் ஆங்கோல் மோவா வரும் கதையையும் சேர்த்துக் காட்டுங்கள். 1999 ஏழாம் மாதத்தில் உலகம் அழியும் என்று நாஸ்ட்ரடாமஸ் என்ற பழைய பிரெஞ்சு ஜோசியர் சொன்னதாக ஜப்பானில் ஒரு தலைமுறையே பயந்து வளர்ந்தது. 1973இல் வந்த ஒரு புத்தகம்தான் அந்தப் பயத்தைப் பரப்பியது. அந்த அழிவைச் செய்ய அனுப்பப்பட்ட பெண்தான் மோவா. தூங்கிப்போய்விட்டாள், அதனால்தான் உலகம் இன்னும் இருக்கிறது. அப்புறம் இகா முசுமேயைத் தாராளமாகப் பார்க்கலாம். உருசேய் யட்சுராவில் அதாரு பெண்கள் பின்னால் அலைவது கதையின் பெரும்பகுதி, அதனால் அதை இன்னும் நான்கைந்து வருடம் கழித்துத் தரலாம். லுலுகோவும் அப்படியே. கெரோரோவிலும் குளியல், நீச்சலுடை வகைச் சிரிப்பு அங்கங்கே உண்டு, முதல் சில எபிசோடுகளைக் கூட உட்கார்ந்து பாருங்கள்.

அப்படிப் பார்க்கும்போது மழைக்காலக் கதை ஒன்று வரும். காற்றில் ஈரம் கூடக் கூடக் கெரோரோவுக்குத் தன் சொந்தக் கோள் நினைவு வந்து, உண்மையான படையெடுப்பாளனின் வெறி திரும்பும். குரலும் கண்ணும் மாறிவிடும். அந்தச் சில நிமிடம் அவனைப் பார்த்து நிஜமாகவே பயம் வரும். அதை மட்டும் தவறவிடாதீர்கள்.